நரகத்தில் கூட்டம் குறைந்த கதை: பழைய ஐரோப்பியத் திகில் படங்களுக்கு ஒரு முழு வழிகாட்டி

இத்தாலியின் முதல் முழுநீளப் படம் நரகத்தைப் பற்றியது. 1911ல் வந்த அந்தப் படத்தில் கால் வைக்க இடமில்லை. பாறைக்குப் பாறை பாவிகள், குழிக்குக் குழி பேய்கள், ஆற்றில் படகு நிறைய ஆத்மாக்கள். 70 ஆண்டு கழித்து, 1981ல், அதே இத்தாலியின் லூசியோ ஃபுல்சி இன்னொரு நரகத்தைக் காட்டினார். சாம்பல் நிறத்தில் ஒரு சமவெளி, அங்கங்கே விழுந்து கிடக்கும் சில உடல்கள், மூடுபனி. அவ்வளவுதான். நெருப்பில்லை, தண்டனை கொடுக்க ஆளில்லை, கணக்குக் கேட்கவும் யாருமில்லை. இரண்டில் எது அதிகம் பயமுறுத்துகிறது என்று கேட்டால், நான் இரண்டாவதைத்தான் சொல்வேன்.

இந்த இரண்டுக்கும் நடுவே ஐரோப்பிய சினிமாவில் நரகம் எப்படி மாறியது என்பதைப் படம் படமாகப் பார்த்துப் புரிந்துகொள்ள ஒரு வரிசை போட்டிருக்கிறேன். கிட்டத்தட்ட ஒரு டஜன் படங்கள். வாரத்துக்கு ஒன்றோ இரண்டோ போதும். அவசரப்பட்டு ஒரே மூச்சில் பார்த்தால் எல்லாம் கலங்கிவிடும். சில இடங்களில் கதையைக் கொஞ்சம் வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறேன். சொல்லாமல் இந்தப் படங்களைப் பற்றிப் பேச முடியாது.

பேய் பிடித்தல், பேயோட்டுதல் பற்றிய படங்களை வேண்டுமென்றே விட்டுவிட்டேன். அங்கே பிசாசு மனிதனுக்குள் வருகிறான். இங்கே மனிதன் பிசாசின் இடத்துக்குப் போகிறான்.

படி 1: முதலில் விதிகளைத் தெரிந்துகொள்ளுங்கள்

நம் புராணங்களின் யமலோகத்தை மனதில் வைத்துக்கொண்டு இந்தப் படங்களைப் பார்த்தால் ஒரு முக்கியமான விஷயம் நழுவிவிடும். நம் ஊர்க் கதைகளில் எண்ணெய்க் கொப்பரையும் உண்டு, செக்கும் உண்டு. ஆனால் வினை தீர்ந்தால் வெளியே வந்து மறுபிறவி எடுக்கலாம். கிறிஸ்தவ நரகத்துக்கு வெளிவாசல் கிடையாது. கத்தோலிக்கர்கள் சொல்லும், பாவக்கறை கழியும் வரை ஆன்மா காத்திருக்கும் உத்தரிக்கிற ஸ்தலத்தில் காலக்கெடு உண்டு, நரகத்தில் இல்லை. நரகத்துக்குப் போ என்ற ஆக்கினைத்தீர்ப்பு ஒரு முறைதான், அதற்கு அப்பீல் கிடையாது. ஒரு கையெழுத்து, ஒரு காசு, ஒரு பார்வை என்று சின்னச் சின்னச் செயல்களுக்கு இந்தப் படங்கள் அவ்வளவு பதறுவது இதனால்தான்.

இரண்டாவது விஷயம் இத்தாலியக் கவிஞர் தாந்தே. 14ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவர் எழுதிய காவியத்தின் நரகப் பகுதியில் 34 காண்டங்கள், 9 வட்டங்கள். ஒவ்வொரு பாவத்துக்கும் அதற்கேற்ற தண்டனை. காமத்தில் அலைந்தவர்கள் புயல்காற்றில் அலைகிறார்கள். முகஸ்துதி பேசியவர்கள் மலத்தில் கிடக்கிறார்கள். அடிமட்டத்தில் இருப்பது நெருப்பல்ல, உறைந்த ஏரி. அதன் நடுவே மூன்று முகத்தோடு லூசிஃபர், மூன்று வாயிலும் மூன்று துரோகிகளை மென்றுகொண்டிருக்கிறான். கொடூரமான இடம்தான், ஆனால் ஒழுங்கு இருக்கிறது. யார் எதற்காக எங்கே இருக்கிறார்கள் என்று கேட்டால் பதில் கிடைக்கும். இந்த ஒழுங்கு படத்துக்குப் படம் எப்படித் தேய்கிறது என்பதைத்தான் நாம் கவனிக்கப் போகிறோம்.

காவியத்தையே படிக்க வேண்டுமா? நேரமிருந்தால் படியுங்கள். இல்லாவிட்டால் குஸ்தாவ் டோரே 1861ல் வெளியிட்ட நரக ஓவியங்களை இணையத்தில் தேடி ஒரு முறை புரட்டுங்கள். மூன்றாவது படிக்கு அதுவே போதும்.

படி 2: சரியான பிரதியைப் பிடியுங்கள்

பலர் தோற்றுப்போவது இங்கேதான். இந்தப் படங்களில் பாதிக்கு ஒன்றுக்கு மேற்பட்ட வடிவங்கள் உண்டு. தவறான வடிவத்தைப் பார்த்துவிட்டு, இதற்கா இவ்வளவு பேச்சு என்று விட்டுவிடுவார்கள்.

மௌனப் படங்களில் முதலில் வேகத்தைப் பாருங்கள். அந்தக் காலத்தில் நொடிக்கு 16 முதல் 20 சட்டங்கள் (ஃபிரேம்கள்) வரை எடுத்தது சாதாரணம். அதை நொடிக்கு 24 என்று ஓட்டினால் ஆட்கள் பொம்மைபோல் குதிப்பார்கள், பயத்துக்குப் பதில் சிரிப்பு வரும். 16ல் எடுத்த 90 நிமிடப் படம் 24ல் ஓடினால் 60 நிமிடத்தில் முடிந்துவிடும். படத்தின் நீளம் சந்தேகத்துக்கிடமாகக் குறைவாக இருந்தால் இதுதான் காரணமாக இருக்கலாம், அல்லது யாரோ வெட்டியிருப்பார்கள். இரண்டுமே வேண்டாம்.

அடுத்தது நிறம். மௌனப் படம் என்றால் வெறும் கறுப்பு வெள்ளை என்று நினைக்காதீர்கள். இரவுக்கு நீலம், விளக்கொளிக்கு மஞ்சள் என்று ஃபிலிமுக்குச் சாயம் ஏற்றுவது வழக்கம். சாயம் போன பிரதியில் பகலும் இரவும் ஒன்றாகத் தெரியும்.

இத்தாலியப் படங்களில் குழப்பம் வேறு மாதிரி. அந்தக் காலத்தில் அங்கே படப்பிடிப்பில் ஒலியைப் பிடிக்க மாட்டார்கள். ஒவ்வொரு நடிகரும் தன் மொழியில் பேசுவார், பிறகு எல்லாவற்றையும் டப்பிங்கில் போட்டுக்கொள்வார்கள். அதனால் மூல மொழி எது என்ற கேள்விக்கே அர்த்தம் குறைவு. இத்தாலிய இயக்குநர் மாரியோ பாவாவின் 1960 படத்தில் ஆங்கில நடிகை பார்பரா ஸ்டீல் பேசுவது எந்த வடிவத்திலும் அவர் குரல் இல்லை. உதடு எந்த மொழிக்குப் பொருந்துகிறதோ அந்த ஒலித்தடத்தை வைத்துக்கொள்ளுங்கள்.

டிஸ்க் வாங்குபவர்களுக்கு ஒன்று. புளூ-ரேயில் இந்தியா சி மண்டலம், அமெரிக்கா ஏ, பிரிட்டன் பி. டிவிடியில் இந்தியாவுக்கு எண் 5. இங்கே வாங்கிய பிளேயரில் வெளிநாட்டு டிஸ்க் ஓடாமல் போகலாம். மண்டலப் பூட்டு இல்லாத பிளேயரா என்று முன்பே பார்த்துவிடுங்கள். மௌனப் படங்கள் பல இன்டர்நெட் ஆர்கைவில் இலவசமாகவே கிடைக்கின்றன, ஆனால் அங்கே நல்ல பிரதியும் மோசமான பிரதியும் பக்கத்தில் பக்கத்தில் கிடக்கும். இரண்டு மூன்றைத் திறந்து ஒப்பிட்டுவிட்டு உட்காருங்கள்.

படி 3: 1911, கூட்டம் நிறைந்த நரகம்

'லின்ஃபெர்னோ'. தாந்தேயின் நரகப் பகுதிதான் கதை. மிலானோ ஃபிலிம்ஸ் தயாரிப்பு. பெர்த்தோலினி, பதோவான், தெ லிகுவோரோ என்று மூன்று இயக்குநர்கள். எடுத்து முடிக்க ஏறக்குறைய 3 ஆண்டு பிடித்தது. அந்த இடைவெளியில் ஹீலியோஸ் என்ற சிறிய நிறுவனம் இதே கதையைச் சின்னதாக எடுத்து முந்திக்கொண்டு வெளியிட்டது. சினிமாவில் டைட்டில் சண்டை அன்றைக்கே தொடங்கிவிட்டது. பெரிய படம் 1911 மார்ச்சில் நேப்பிள்ஸின் மெர்கதாந்தே அரங்கில் முதலில் திரையிடப்பட்டது.

இதைக் கதையாகப் பார்க்காதீர்கள். காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து அட்டை முதலில் என்ன நடக்கப் போகிறது என்று சொல்லிவிடும். பிறகு அது நடக்கும். கேமரா நகராது. ஓவியக் கண்காட்சியில் ஒவ்வொரு படத்தின் முன்னும் நின்று பார்ப்பதுபோல் பாருங்கள். டோரேயின் ஓவியங்களை நடிகர்களை வைத்து அப்படியே நிறுத்தியிருக்கிறார்கள் என்பது அப்போது தெரியும். காற்றில் மிதக்கும் காதலர்கள், தலைகீழாகப் புதைக்கப்பட்டுப் பாதம் மட்டும் எரியும் போப்பாண்டவர்கள், வெட்டிய தன் தலையைத் தானே விளக்குபோல் தூக்கிப் பிடித்து வரும் பெர்ட்ரான் என்ற பாவி. இந்தக் கடைசிக் காட்சியின் தந்திரம் இன்றைக்கும் கச்சிதமாக இருக்கிறது.

கவனிக்க வேண்டியது ஒன்று. கதைக்குள் பயணியாக வரும் தாந்தே நடுவில் நின்று பார்க்கிறான், கேட்கிறான், அழுகிறான், மயங்கி விழுகிறான், ஆனால் அவனுக்கு ஒன்றும் ஆகாது. கூடவே பழைய ரோமானியக் கவிஞர் வர்ஜில் வழிகாட்டியாக வருகிறார். நாம் சுற்றுலாப் பயணிகள். இந்தப் பாதுகாப்பு இனி எந்தப் படத்திலும் கிடைக்காது.

டாஞ்சரின் ட்ரீம் குழுவின் இசையோடு 2004ல் ஒரு பதிப்பு வந்தது. எனக்கு அது ஒட்டவில்லை. படத்தின் மீது வேறு யாரோ பாடிக்கொண்டிருப்பதுபோல் இருக்கிறது. பியானோ மட்டும் இருக்கும் பிரதி கிடைத்தால் நல்லது.

படி 4: வடக்கே போங்கள்

இத்தாலியில் நரகம் பூமிக்கு அடியில் இருந்தது. ஸ்வீடனில் அது தெருவுக்கு வந்துவிட்டது.

விக்டர் ஷோஸ்ட்ரோமின் 'தி ஃபேண்டம் கேரேஜ்' 1921 புத்தாண்டு தினத்தன்று வெளியானது. செல்மா லாகர்லோஃப் எழுதிய நாவல்தான் மூலம். வருடத்தின் கடைசி நிமிடத்தில் சாகிறவன், அடுத்த ஒரு வருடம் முழுக்க மரணத்தின் வண்டியை ஓட்ட வேண்டும். குடித்துக் குடும்பத்தைச் சீரழித்த டேவிட் ஹோல்ம் அப்படி மாட்டிக்கொள்கிறான். இந்தப் பாத்திரத்தில் நடித்தவர் இயக்குநரே.

ஒளிப்பதிவாளர் யூலியஸ் யென்சோன் ஒரே ஃபிலிமின் மேல் மறுபடி மறுபடி படம்பிடித்து, கண்ணாடிபோல் ஊடுருவித் தெரியும் வண்டியை உருவாக்கினார். வண்டி அலைகளின் மேல் ஓடுவதும், வண்டிக்காரன் கடலடியில் நடந்து மூழ்கியவனைத் தூக்கி வருவதும் நூறு வருடம் தாண்டியும் கலங்காத காட்சிகள். ஆனால் என்னை அதிகம் பயமுறுத்துவது அந்த வண்டி இல்லை. காசநோய் பிடித்த ஹோல்ம், பூட்டிய கதவைக் கோடாலியால் உடைத்துக்கொண்டு மனைவி குழந்தைகளிடம் வரும் காட்சி. குப்ரிக்கின் 1980 படமான 'தி ஷைனிங்' பார்த்தவர்களுக்கு அந்தக் கோடாலி எங்கிருந்து வந்தது என்று சட்டென்று புரியும். ஸ்வீடன் இயக்குநர் இங்மர் பெர்க்மன் இந்தப் படத்தை ஆண்டுதோறும் பார்ப்பாராம். 1957ல் தன் படமொன்றில் வயதான ஷோஸ்ட்ரோமையே கதாநாயகனாக்கினார்.

தண்டனை இங்கே எரிவது அல்ல, வேலை. ஒரு வருடம் முழுக்க அடுத்தவர் சாவுக்குச் சாட்சியாக நிற்க வேண்டும். தாந்தேயின் கூட்டத்திலிருந்து இங்கே ஒரே ஒரு பாவி மட்டும் தனியாகப் பிரிந்து வந்துவிட்டான்.

அடுத்து 'ஹெக்ஸான்', 1922. பணம் ஸ்வீடனுடையது, இயக்குநர் பெஞ்சமின் கிறிஸ்டென்சன் டென்மார்க்காரர். சூனியக்காரிகளை வேட்டையாடுவது எப்படி என்று 15ஆம் நூற்றாண்டில் எழுதிய ஒரு கொடூரமான கையேட்டைப் படித்துவிட்டு, அதை வைத்து ஏழு பகுதிகளில் ஒரு விசித்திரமான படம் எடுத்தார். பாதி பாடம், பாதி கெட்ட கனவு. நாக்கை ஆட்டிக்கொண்டு வரும் சாத்தானாக அவரே நடித்தார். முதல் பகுதியில் இடைக்கால மக்கள் நம்பிய நரகத்தை ஒரு இயந்திர மாதிரியாகச் செய்து இயக்கிக் காட்டுகிறார். அந்தப் பகுதி மெதுவாகப் போகும். தயவுசெய்து தாண்டி ஓடாதீர்கள்.

இரண்டு எழுத்து அட்டைகளைத் தவறவிட வேண்டாம். ஒன்றில், மரியா என்ற ஏழைக் கிழவியாக நடித்த மூதாட்டி, படப்பிடிப்பின் இடைவேளையில், பிசாசு உண்மைதான், என் படுக்கையருகே உட்கார்ந்திருந்ததைப் பார்த்தேன் என்று தன்னிடம் சொன்னதாக இயக்குநர் எழுதுகிறார். இன்னொன்றில், நடிகை ஒருவர் கட்டைவிரலை நெரிக்கும் சித்திரவதைக் கருவியைத் தானே மாட்டிப் பார்க்க ஆசைப்பட்டாராம்; ஒரு நிமிடத்துக்குள் அவர் வாயிலிருந்து வந்த வாக்குமூலத்தை வெளியே சொல்ல மாட்டேன் என்கிறார். வேடிக்கையாகச் சொல்லிவிட்டு, நரகம் எங்கே இருந்தது என்பதைத் தெளிவாகக் காட்டிவிடுகிறார்: விசாரணை அறையில்.

1968ல் அமெரிக்க எழுத்தாளர் வில்லியம் பரோஸின் குரலையும் ஜாஸ் இசையையும் சேர்த்து இதைச் சுமார் 77 நிமிடமாகச் சுருக்கி ஒரு வடிவம் வெளியிட்டார்கள். அது ஒரு தனி ரசனை. முதல் முறைக்கு அது வேண்டாம்.

படி 5: கையெழுத்துப் போடுகிறவர்கள்

முர்னாவின் 'ஃபவுஸ்ட்', 1926. பிசாசோடு ஒப்பந்தம் போடும் வயதான அறிஞன் ஃபவுஸ்டின் கதை. ஜெர்மனியின் உஃபா நிறுவனம். ஹாலிவுட் போவதற்கு முன் அவர் கடைசியாக எடுத்த ஜெர்மன் படம் இது. தொடக்கத்திலேயே எமில் யானிங்ஸ் நடித்த மெஃபிஸ்டோ என்ற பிசாசு ஒரு முழு நகரத்தின் மேல் சிறகை விரித்து நிற்பான். அவன் உடையின் கீழிருந்து கரும்புகைபோல் கொள்ளைநோய் பரவும். சிறிய மாதிரி நகரம், புகைக்கரி, மின்விசிறி. தந்திரம் தெரிந்த பிறகும் அது கண்ணை விட்டுப் போகாது.

பலர் மறந்துவிடும் விவரம்: ஃபவுஸ்ட் முதலில் இளமைக்காகவோ பெண்ணுக்காகவோ கையெழுத்துப் போடவில்லை. நோயாளிகளைக் காப்பாற்ற வழி தெரியாமல்தான் பிசாசை அழைக்கிறான். ஒப்பந்தமும் முதலில் ஒரே ஒரு நாள் சோதனைக்குத்தான். மணல்கடிகாரம் காலியாகும் வரை. சிலுவையை ஏறிட்டுப் பார்க்க அவனால் முடியவில்லை என்பதைக் கண்டு மக்கள் கல்லெறிந்த பிறகே இளமை ஆசை வருகிறது. சரி, நடுவில் கிரெட்சென் என்ற பெண்ணோடு வரும் காதல் பகுதி கொஞ்சம் இழுக்கும்; பொறுத்துக்கொள்ளுங்கள், கடைசிப் பனிக்காட்சிகள் அதற்கு வட்டியோடு ஈடுகட்டும். அந்தக் காலத்தில் வெளிநாடுகளுக்கு என்று வேறு வேறு பிரதிகள் தயாரித்தார்கள். ஜெர்மனியில் ஓடிய வடிவத்தை வைத்து மீட்டெடுத்த பிரதியைத் தேடுங்கள், படம் கூர்மையாக இருக்கும்.

அடுத்து வருவது இந்த வரிசையில் எனக்கு மிகவும் பிடித்த ஜோடி, அப்பா படமும் மகன் படமும். யாரும் இரண்டையும் அடுத்தடுத்துப் போடுவதில்லை என்பது எனக்கு ஆச்சரியம்.

அப்பா மாரிஸ் டூர்னர். 'லா மேன் டு டியாப்ள்', 1943. ஜெர்மானியர் ஆக்கிரமித்திருந்த பிரான்சில், ஜெர்மானியர் நடத்திய கான்டினென்டல் நிறுவனத்துக்காக எடுத்த படம். வாழ்க்கையில் தோற்ற ஓவியன் ஒருவன் பெட்டிக்குள் இருக்கும் வெட்டப்பட்ட இடது கையை வாங்குகிறான். அது வந்ததும் புகழ், பணம், காதல் எல்லாம் கொட்டுகிறது. சாவதற்குள் அதைக் கைமாற்றாவிட்டால் ஆன்மா போய்விடும்.

இதில் வரும் பிசாசுக்குக் கொம்பும் இல்லை வாலும் இல்லை. கறுப்புக் கோட்டும் உருண்டைத் தொப்பியும் போட்ட ஒரு குள்ளமான குமாஸ்தா. மரியாதையாகப் பேசுவார். ஆன்மாவைத் திருப்பி வாங்கிக்கொள்ள ஒரு சூ கொடுத்தால் போதும் என்பார். பிரெஞ்சுச் சில்லறைக் காசு அது. ஆனால் ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் தொகை இரண்டு மடங்காகும். நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று ஓவியன் தள்ளிப்போடுகிறான். கணக்குப் போட்டுப் பாருங்கள்: இருபது முறை இரட்டித்தால் 10 லட்சத்து 48 ஆயிரம் சூவைத் தாண்டும். முப்பது முறையானால் நூறு கோடிக்கு மேல். கந்து வட்டி தெரிந்த ஊர்க்காரர்களுக்கு இந்தப் பிசாசை அறிமுகப்படுத்தவே தேவையில்லை. முன்பு அந்தக் கையை வைத்திருந்தவர்கள் எல்லாரும் முகமூடியோடு ஒரே மேசையைச் சுற்றி உட்கார்ந்து ஆளுக்கொரு கதை சொல்லும் காட்சி படத்தின் உச்சம். நூற்றாண்டு நூற்றாண்டாக நீளும் கடன்சங்கிலி அது.

அப்பா பாரிஸில் இதை எடுத்த காலத்தை ஒட்டித்தான் மகன் ஜாக் டூர்னர் ஹாலிவுட்டில் 'கேட் பீப்பிள்' எடுத்துக்கொண்டிருந்தார். பிறகு 1957ல் இங்கிலாந்தில் அவர் எடுத்தது 'நைட் ஆஃப் தி டீமன்'. எம். ஆர். ஜேம்ஸின் சிறுகதை. மந்திர எழுத்துகள் எழுதிய ஒரு காகிதத் துண்டை யார் கையில் நாசூக்காகத் திணித்துவிட்டார்களோ, அவர் குறித்த நாளில் சாக வேண்டும். தப்பிக்க ஒரே வழி, கொடுத்தவனிடமே அதைத் திருப்பித் திணிப்பது. அப்பாவின் கையும் மகனின் காகிதமும் ஒரே பொருள்தான். கைமாற்றிவிட்டால் நீங்கள் தப்பித்தீர்கள், அடுத்தவன் தொலைந்தான்.

தொடக்கத்திலேயே பூதத்தைக் காட்டியது தயாரிப்பாளரின் பிடிவாதம். மறைத்து வைத்தே பயமுறுத்துகிறவர் என்று பெயர் வாங்கிய டூர்னருக்கு அதில் விருப்பமில்லை. பூதம் முழுதாகத் தெரியும் காட்சிகளில் நான் அவர் பக்கம்தான். பிரிட்டிஷ் வடிவம் சுமார் 95 நிமிடம். 'கர்ஸ் ஆஃப் தி டீமன்' என்ற பெயரில் அமெரிக்காவுக்குப் போனது அதைவிடப் பத்து நிமிடத்துக்கு மேல் குறைவு. நீளமானதைப் பாருங்கள்.

படி 6: வட்டத்துக்குள் நில்லுங்கள்

இது சின்னப் படி. 1967ல் சோவியத் நாட்டில் மோஸ்ஃபிலிம் எடுத்த 'வீய்', 1968ல் இங்கிலாந்தின் ஹேமர் எடுத்த 'தி டெவில் ரைட்ஸ் அவுட்'. கடவுள் இல்லை என்று சொன்ன நாடு ஒன்று, ஆங்கிலிக்கத் திருச்சபை நாடு ஒன்று, இரண்டிலும் சுண்ணக்கட்டியால் தரையில் வட்டம் போட்டு அதற்குள் நின்று இரவைத் தள்ளுகிறார்கள்.

'வீய்' ரஷ்ய எழுத்தாளர் கோகோலின் கதை. பயந்தாங்கொள்ளியான ஒரு குருமட மாணவன், இறந்துபோன ஒரு பெண்ணுக்காக மூன்று இரவு தேவாலயத்தில் தனியாக ஜெபம் சொல்ல வேண்டும். முதல் இரவு அவள் எழுகிறாள், இரண்டாம் இரவு சவப்பெட்டி பறக்கிறது, மூன்றாம் இரவு கூட்டமே வருகிறது. வட்டம் அவனைக் காப்பாற்றிக்கொண்டுதான் இருந்தது. கடைசியில் அவன் அழிவது வட்டம் உடைந்ததால் அல்ல. பார்க்கக் கூடாததை நிமிர்ந்து பார்த்ததால். ஒன்றேகால் மணி நேரப் படம்தான், குழந்தைக் கதைபோல் தொடங்கி எங்கோ போய் முடியும்.

ஹேமர் படத்தில் கிறிஸ்டோஃபர் லீ அபூர்வமாக நல்லவராக வருகிறார். தந்திரக்காட்சிகள் பழசாகிவிட்டன, வட்டக்காட்சி மட்டும் பழசாகவில்லை. நேரம் குறைவாக இருந்தால் 'வீய்' மட்டும் போதும்.

படி 7: கண்ணாடி வழியாக

ழான் கோக்தோவின் 'ஆர்ஃபே' (1950) திகில் படமா என்று கேட்டால் இல்லை. ஆனாலும் விட முடியாது, ஏனென்றால் பாதாளத்தைக் காலி செய்தவர் இவர்தான். கிரேக்கப் புராணத்தில் இறந்த மனைவியைத் தேடிப் பாதாளம் போன ஆர்ஃபியஸ் இங்கே பாரிஸ் காஃபிக் கடைக் கவிஞன். மரணம் கறுப்புக் காரில் வரும் ஒரு இளவரசி, அவளுடைய ஆட்கள் மோட்டார் சைக்கிளில் வருகிறார்கள். கார் ரேடியோவில் வரும் புரியாத வரிகள், போர்க்காலத்தில் லண்டனிலிருந்து ஒலிபரப்பான சங்கேதச் செய்திகளை நினைவூட்டும். நிலைக்கண்ணாடிக்குள் கை நுழையும் காட்சிக்குப் பாதரசத் தொட்டியைப் பயன்படுத்தினார்கள்.

கண்ணாடிக்கு அப்பால் இருக்கும் இடத்தைச் செட் போட்டு எடுக்கவில்லை. குண்டுவீச்சில் இடிந்துபோன சேன்-சீர் ராணுவப் பள்ளியில் போய் எடுத்தார்கள். அங்கே நீதிபதிகள் உண்டு, ஆனால் அலுப்புத் தட்டிய அலுவலர்கள்போல் கேள்வி கேட்கிறார்கள். எந்தப் பாவத்துக்கு என்ன தண்டனை என்ற பேச்சே எழவில்லை. போர் முடிந்த ஐரோப்பாவுக்கு நரகத்தைக் கற்பனை செய்யத் தேவையிருக்கவில்லை. இடிபாடு நிறையவே இருந்தது.

படி 8: மாரியோ பாவா

இத்தாலிக்குத் திரும்பலாம். பாவா அடிப்படையில் ஒளிப்பதிவாளர். கையில் காசு இல்லாமல் கண்ணை ஏமாற்றுவதில் அவருக்கு இணை இல்லை. மூன்று படங்கள்.

'லா மாஸ்கெரா டெல் டெமோனியோ', 1960. ஆங்கிலத்தில் 'பிளாக் சண்டே' என்பார்கள். உள்பக்கம் ஆணி வைத்த முகமூடியைச் சூனியக்காரியின் முகத்தில் சுத்தியலால் அடித்து இறக்கும் முதல் காட்சிக்காகவே பிரிட்டனில் 1968 வரை தடை. இரட்டை வேடத்தில் பார்பரா ஸ்டீல். கறுப்பு வெள்ளையில் இவ்வளவு அழகான திகில் படம் அதற்குப் பிறகு வந்ததாக எனக்குத் தெரியவில்லை.

அடுத்த வருடம் 'ஹெர்குலிஸ் இன் தி ஹாண்டட் வேர்ல்ட்'. கட்டுமஸ்தான நாயகன் பாதாளத்துக்குப் போகும் படம். கதை சாதாரணம், ஆனால் பச்சை, ஊதா, சிவப்பு விளக்குகளைப் போட்டு ஒரே சில தூண்களையும் பாறைகளையும் வேறு வேறு இடங்களாகக் காட்டியிருக்கிறார். பின்னால் இத்தாலியத் திகில் பட இயக்குநர் தாரியோ அர்ஜென்டோ பயன்படுத்திய நிறங்கள் எங்கிருந்து வந்தன என்று பார்க்க அரை மணி நேரம் ஒதுக்கினால் போதும்.

மூன்றாவதுதான் முக்கியம்: 'லிசா அண்ட் தி டெவில்', 1973. ஸ்பெயினின் டோலேடோவில் சுற்றுலா வந்த பெண் ஒருத்தி, இறந்தவர்களைச் சுமந்து போகும் பிசாசின் சுவரோவியம் ஒன்றைப் பார்க்கிறாள். கொஞ்ச நேரத்தில் அதே முகம் உள்ள ஆளைக் கடையில் பார்க்கிறாள். பிறகு வழி தவறுகிறாள். அவ்வளவுதான் அவள் செய்த தப்பு. டெலி சவாலஸ் லாலிபாப்பைச் சப்பிக்கொண்டே பெரிய மாளிகையின் பணியாளாக வந்து, பொம்மைகளையும் பிணங்களையும் ஒரே அலட்சியத்தோடு தூக்கிப் போகிறார். வேலை முடிந்தால் சரி என்ற மனநிலையில் இருக்கும் பிசாசு.

கான் திரைப்படச் சந்தையில் இதை யாரும் வாங்கவில்லை. பேயோட்டும் படங்கள் பணம் பண்ணிய நேரம் என்பதால், தயாரிப்பாளர் பாதிரியார் காட்சிகளைப் புதிதாக எடுத்துச் சேர்த்து 1975ல் 'தி ஹவுஸ் ஆஃப் எக்சார்சிசம்' என்று வெளியிட்டார். அந்தப் பெயரில் கிடைத்தால் தொடாதீர்கள்.

படி 9: ஃபுல்சியின் காலி நரகம்

இது வயது வந்தவர்களுக்கு மட்டும். ரத்தம் தாராளமாக ஓடும். கண்களுக்கு நேரும் கொடுமைகள் பலமுறை வரும், சிலந்திகள் வரும். சாப்பிட்டுக்கொண்டே பார்க்க வேண்டாம்.

'தி பியாண்ட்', 1981. 1927ல் அமெரிக்காவின் லூசியானாவில் ஒரு ஹோட்டல். ஸ்வைக் என்ற ஓவியனைச் சூனியக்காரன் என்று நினைத்து ஊர்க்காரர்கள் தீப்பந்தங்களோடு படகில் வந்து கொடூரமாகக் கொல்கிறார்கள். பழுப்பு நிறத்தில் காட்டும் இந்த முன்கதையில்தான் தாந்தேயின் ஒழுங்கு கடைசியாகச் செத்துப்போகிறது: அந்த ஆள் நரகத்தின் வாசலைக் காவல் காத்தவன், அவனைக் கொன்றதால் வாசல் திறந்துகொள்கிறது. பல ஆண்டு கழித்து லிசா என்ற பெண்ணுக்கு அந்த ஹோட்டல் சொத்தாக வருகிறது. அவள் எந்த ஒப்பந்தத்திலும் கையெழுத்துப் போடவில்லை, எந்தக் கையையும் வாங்கவில்லை. தண்ணீர் தேங்கிய நிலவறையைச் சரிசெய்யப் பிளம்பரைக் கூப்பிடுகிறாள். அதோடு எல்லாம் தொடங்குகிறது.

கதை ஒட்டவில்லை என்று முதல் அரை மணி நேரத்தில் தோன்றும். ஒட்டாது. காரணம் தேடுவதை அங்கேயே நிறுத்திவிடுங்கள். நியூ ஆர்லியன்ஸ் அருகே ஏரியின் மேல் நீண்டு போகும் நெடும்பாலத்தின் நடுவில், ஆள் அரவமே இல்லாத சாலையில், கண் தெரியாத ஒரு பெண்ணும் நாயும் நிற்கும் காட்சி வரும். ஏன் நிற்கிறார்கள் என்று படம் விளக்காது. 36ஆம் எண் அறையின் மணி அடிக்கும். மருத்துவமனைக் கதவில் 'டூ நாட் என்ட்ரி' என்று தப்பும் தவறுமாக எழுதியிருக்கும். அதுகூட இந்தப் படத்துக்குப் பொருந்துகிறது.

மருத்துவமனையில் பிணங்கள் எழுந்து நடக்கும் பகுதி ஜெர்மன் விநியோகஸ்தர்கள் கேட்டதால் சேர்த்தது என்பார்கள். படத்தின் பலவீனமான இடமும் அதுதான். தலையில் சுட்டால் விழுகிறது என்று தெரிந்த பிறகும் டாக்டர் நெஞ்சிலேயே சுட்டுக்கொண்டிருப்பார். லிஃப்டுக்குள் டாக்டராக வரும் டேவிட் வார்பெக் துப்பாக்கிக் குழாயின் முன்பக்கமாகத் தோட்டாவைப் போடுவதுபோல் நடிப்பதையும், பக்கத்தில் லிசாவாக வரும் கேத்ரின் மக்கோல் சிரிப்பை அடக்குவதையும் கவனியுங்கள். விளையாட்டாகச் செய்தது படத்தில் தங்கிவிட்டது.

பிறகு கடைசி ஐந்து நிமிடம். மருத்துவமனையின் படிக்கட்டில் இறங்குகிறவர்கள் ஹோட்டல் நிலவறைக்கு வந்து சேர்கிறார்கள். அங்கிருந்து ஸ்வைக் வரைந்துகொண்டிருந்த ஓவியத்துக்குள் வந்துவிடுகிறார்கள். எந்தப் பக்கம் ஓடினாலும் அதே சாம்பல் வெளி. 1911 படத்தையும் இதையும் அடுத்தடுத்த நாளில் பார்த்தால் வித்தியாசம் உறைக்கும். அங்கே ஒவ்வொரு உடலுக்கும் பெயரும் குற்றமும் இருந்தன, நின்று கேட்டால் கதை சொன்னார்கள். இங்கே கிடப்பவர்கள் யார், என்ன செய்தார்கள் என்று கேட்க வழியில்லை. வர்ஜில் வரமாட்டார். ஃபேபியோ ஃப்ரிட்சியின் கூட்டுப்பாடல் இசை மட்டும் தேவாலயத்தை நினைவூட்டிக்கொண்டே இருக்கும்.

அமெரிக்காவில் இதை 1983ல் வெட்டி, இசையை மாற்றி, இயக்குநர் பெயரையும் லூயி ஃபுல்லர் என்று மாற்றி '7 டோர்ஸ் ஆஃப் டெத்' என்று ஓட்டினார்கள். முழு வடிவம் 1998ல்தான் அங்கே திரைக்கு வந்தது. ஃபுல்சி 1996லேயே இறந்துவிட்டார். இன்று கிடைக்கும் மீட்டெடுத்த பிரதிகள் பெரும்பாலும் முழுமையானவை. முன்கதை பழுப்பாக இருக்கிறதா என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள், ஜெர்மன் வடிவத்தில் அது வண்ணத்தில் வரும்.

பிடித்துப்போனால் இதற்கு முந்தைய 'சிட்டி ஆஃப் தி லிவிங் டெட்' (1980), பிந்தைய 'தி ஹவுஸ் பை தி செமெட்ரி' (1981) இரண்டும் இருக்கின்றன. மூன்றிலும் மக்கோல்தான் நாயகி, ஆனால் கதைத் தொடர்ச்சி எதுவும் கிடையாது. முதலாவதில் பாதிரியார் ஒருவர் கல்லறையில் தூக்குப் போட்டுக்கொள்வதால் நரக வாசல் திறக்கிறது. குடல் வெளியே வரும் ஒரு காட்சிக்குப் பெயர்போன படம், வயிறு கெட்டியாக இருப்பவர்கள் மட்டும் பாருங்கள். ஒன்றுக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால் மூன்றாவதைத் தேர்ந்தெடுங்கள், அதன் முடிவு நன்றாக இருக்கிறது.